சரணத்தின் இரண்டாவது வரி

அவரை நான் முதலில் பார்த்தது ஒரு கல்யாண வரவேற்பில். ஆவணி மாதத்து ஞாயிற்றுக்கிழமை, மாலை ஏழு மணிக்குச் சற்று முன்பு என்று என் நாட்குறிப்பில் இருக்கிறது. நெய்வேலி டவுன்ஷிப்பின் மண்டபம் ஒன்றில் லைட் மியூசிக் நடந்துகொண்டிருந்தது. பழைய படப்பாட்டு ஒன்றைப் பாடினார்கள். பல்லவி முடிந்து, இடையிசை முடிந்து, சரணத்தின் முதல் வரியைப் பாடகர் தாண்டியதும், பின்னால் பந்தியிலிருந்து ஒருவர் எழுந்தார். வலது கையில் சாம்பார் சாதம் ஒட்டியிருந்தது. கையைக் கழுவாமல் நேராக மேடையேறி, இடது கையால் கீபோர்டுக்காரரின் தோளைத் தொட்டு நிறுத்தினார்.

“தம்பி, அந்த ரெண்டாவது வரி தப்பாப் போவுது. இப்பிடி வெச்சிக்குங்க” என்று மைக் இல்லாமலே பாடிக் காட்டினார்.

“பெரியவரே, படத்துல இப்பிடித்தாங்க இருக்குது.”

“படத்துல தப்பா இருக்குது. அதத்தான சொல்லிக்கினு இருக்கேன்.”

பெண்ணின் அப்பா என்னோடு வேலை பார்த்தவர். என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். “பெல்ட் செக்‌ஷன் ஆளு சார். எந்தக் கல்யாணத்துல இந்தப் பாட்டப் பாடினாலும் மேடை ஏறிடுவாரு. பத்திரிகை வைக்கும்போதே யோசிச்சேன்.”

“இந்தப் பாட்டு மட்டும் ஏன்?”

“அவரு போட்ட பாட்டாம்.”

என் தொழிலைச் சொல்லிவிடுகிறேன். சுரங்கத்தின் டைம் ஆபீசில் முப்பது வருடம் இருந்தேன். யார், எந்த ஷிஃப்ட், உள்ளே வந்தது எத்தனை மணிக்கு, வெளியே போனது எத்தனை மணிக்கு என்று எழுதுவது வேலை. அந்தப் பழக்கம் வீட்டுக்கும் வந்துவிட்டது. இந்த டவுன்ஷிப்பிலிருந்து வெளியே போய் ஏதாவது செய்தவர்களின் விவரங்களை, எழுத்தாளர், நடிகர், ஹாக்கி ஆடியவர் என்று, ஒரு தடித்த நோட்டில் எழுதிவருகிறேன். அதற்கு ஒரு விதி வைத்திருக்கிறேன். இரண்டு சான்றுகள் இல்லாமல் யார் பெயரையும் எழுதுவதில்லை. விதியை நானே போட்டதால் நானே மீறவும் முடியாது. இந்தக் கட்டுரை முழுக்க அவரை ‘அவர்’ என்றே எழுதப்போவது அதனால்தான்.

ஆர்கெஸ்ட்ராக்காரர்கள் அவரை மாஸ்டர் என்பார்கள். நானும் அப்படியே கூப்பிட்டேன்.

அடுத்த வாரமே நோட்டோடு அவருடைய குவார்ட்டர்ஸுக்குப் போனேன். கட்டிலுக்கு அடியிலிருந்து ஆர்மோனியத்தை இழுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். கறுத்த, அகலமான கைகள். கன்வேயர் பெல்ட்டைக் கிழிசல் பார்த்து ஒட்டுகிற கைகள் அந்தச் சின்னக் கட்டைகளின் மேல் எப்படி நகரும் என்று எனக்குச் சந்தேகமாக இருந்தது. நன்றாகவே நகர்ந்தன.

“இந்தப் பாட்டு எந்த வருஷம் போட்டீங்க, மாஸ்டர்?”

“மழக்காலம் சார் அது. பெல்ட்டு ஈரமா இருந்துச்சி.”

“எந்த மழக்காலம்?”

“நான் கான்ட்ராக்ட்ல இருந்தேன். பர்மனென்ட் ஆவல.”

“சரி. ஆரம்பிச்சது தெரியலன்னா பரவாயில்ல. முடிச்சது எப்போ?”

அவர் என்னை உண்மையான குழப்பத்தோடு பார்த்தார். “இன்னும் முடிக்கலயே சார்.”

உள்ளே காய் நறுக்கிக்கொண்டிருந்த அவர் மனைவி அங்கிருந்தே சொன்னார்: “எழுதிக்குங்க சார். எனக்குக் கல்யாணம் ஆவறதுக்கு முன்னாடி ஆரம்பிச்சாரு. என் பொண்ணு பெத்த புள்ள இப்ப பள்ளிக்கூடம் போவுது. இன்னும் அந்த ரெண்டாவது வரியிலயே நிக்கறாரு. நான் வெக்கிற கொழம்ப ஒரு நாளு கூட தப்புன்னு சொன்னதில்ல. அதுல அவ்ளோ தப்பு இருக்கும்.”

அவர் சிரிக்கவில்லை. மனைவி பேசியது காதில் விழுந்த மாதிரியும் இல்லை. அந்த வரியில் என்ன தப்பு என்று எனக்கு விளக்க ஆரம்பித்துவிட்டார். நான் இசை படித்தவன் இல்லை. ஆனாலும் அவர் சொன்னது புரிந்தது, ஏனென்றால் அவர் அதை இசையின் பாஷையில் சொல்லவில்லை.

“கரி ஏத்திக்கினு போற பெல்ட்டு இருக்குதில்ல, அது மேட்டுல ஏறறதுக்கு முன்னாடி கொஞ்ச தூரம் தட்டையா ஓடணும் சார். கரி ஒக்காரணும். ஒக்காராம ஏத்தினா சறுக்கும், பின்னால கொட்டும். இந்தப் பாட்டுல மேல ஏற வேண்டிய எடத்துக்கு ரெண்டு சொல்லு முன்னாடியே ஏறிப்புடுது. கேக்கறவன் மனசுல இன்னும் ஒக்காரல. கொட்டிப்போவுது.”

பாடிக் காட்டினார், படத்தில் இருக்கிற மாதிரியும், தான் திருத்திய மாதிரியும். அவர் திருத்தியது நன்றாகத்தான் இருந்தது. அதை அப்போதே அவரிடம் சொல்லியிருக்கக் கூடாது. அவர் உடனே இன்னொரு விதமாகப் பாடினார். “இதுவும் யோசிச்சிக்கினு இருக்கேன்” என்றார். அன்று மாலை ஆறு மணிக்குள் அந்த ஒரு வரியை ஒன்பது விதமாகக் கேட்டேன். நோட்டில் அந்தப் பக்கத்தில் ‘தேதி: தெரியவில்லை’ என்ற ஒரு வரிதான் இருக்கிறது.

படம் வந்த கதையைத் துண்டு துண்டாகத்தான் சொன்னார். பண்ருட்டியில் முந்திரி வியாபாரி ஒருவர் படம் எடுக்க ஆசைப்பட்டார். கோயில் திருவிழாவில் இவர் ஆர்மோனியம் வாசித்ததைக் கேட்டுவிட்டு, “வாப்பா, நம்ம படத்துக்கு மியூசிக் போடு” என்றார். கம்போசிங் நடந்தது சென்னை ஓட்டலில் இல்லை, அந்த வியாபாரியின் முந்திரிக் கொட்டகையில். பெண்கள் வரிசையாக உட்கார்ந்து கொட்டை உடைத்துக்கொண்டிருப்பார்கள். இவர் ஒரு மூலையில் ஆர்மோனியத்தோடு உட்கார்ந்து மெட்டைப் பாடுவார். பாடும்போது அவர்கள் கையைப் பார்ப்பாராம்.

“கை நின்னுப்போச்சின்னா அந்த மெட்டு வேணாம், ரொம்ப ஆடம்பரமா இருக்குதுன்னு அர்த்தம். கையும் நிக்கல, தலையும் ஆடலன்னா அது மெட்டே இல்ல. கை நிக்காம தலை மட்டும் ஆடுச்சின்னா வெச்சிக்கலாம்.”

வியாபாரிக்கும் இந்த முறை பிடித்திருந்தது. கை நிற்காத வரைக்கும் அவருக்கு வேலை கெடவில்லை.

இவ்வளவு நல்ல காதும் இவ்வளவு நல்ல வழிமுறையும் உள்ள ஒருவர் ஏன் ஒரே ஒரு பாட்டோடு பெல்ட் செக்‌ஷனுக்குத் திரும்பி வந்தார்? இசைக் கலைஞர்களின் வாழ்க்கை வரலாறுகள் நிறையப் படித்திருக்கிறேன். அவற்றில் இந்த இடத்தில் ஒரு துரோகி வருவான். படத்தின் டைட்டிலில் இசை என்று வேறொருவர் பெயர்தான் இருந்தது. சென்னையில் பெயர் பெற்ற ஓர் இசை அரேஞ்சர், மெட்டுக்கு வாத்தியங்களைச் சேர்த்துக் கொடுப்பவர், இப்போது உயிரோடு இல்லை. நானும் துரோகியைக் கண்டுபிடித்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன்.

இதைப் பற்றி அவரிடம் பத்து தடவையாவது கேட்டிருப்பேன். “அவரு பெரிய மனுசன் சார், நல்லா வாசிச்சிக் குடுத்தாரு” என்பார். பிறகு, “ஆனா அந்த ரெண்டாவது வரிய அப்பிடியே வுட்டுட்டாரு” என்பார்.

வருடங்கள் இப்படிப் போயின. அவரைப் பற்றி நான் சேர்த்த குறிப்புகளில் ஒன்று பள்ளிக்கூடத்துப் பாட்டு. எங்கள் டவுன்ஷிப் பள்ளி ஒன்றின் ஆண்டுவிழாவுக்கு அவரை மெட்டுப் போடச் சொன்னார்கள். போட்டார், பிள்ளைகளும் நன்றாகப் பழகிவிட்டார்கள். விழா அன்று காலை பத்து மணிக்குப் பள்ளிக்குப் போய் ஆறாம் வகுப்பை மட்டும் தனியாக உட்கார வைத்து முடிவு வரியை மாற்றிக் கற்றுக்கொடுத்துவிட்டார். ஏழாம் வகுப்பு வருவதற்குள் மணி அடித்துவிட்டது. மாலையில் சிறப்பு விருந்தினர் முன்னால் பாதி மேடை ஒரு பாட்டும் மீதி மேடை இன்னொரு பாட்டும் பாடியது. தலைமையாசிரியை அவரிடம் சொன்னது எனக்கு நன்றாகக் கேட்டது: “நாளைக்கு வந்து திருத்தறேன்னு சொல்லாதீங்க மாஸ்டர். நாளைக்கு லீவு.” அவர் மெதுவாக, “ஆறாம் கிளாஸு பாடினதுதாங்க சரி” என்றார்.

இன்னொன்று, அந்தப் படத்துக்குப் பிறகு சென்னையிலிருந்து ஒரு புது டைரக்டர் அவரைத் தேடி இங்கேயே வந்தது. வந்தவர் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் அறை எடுத்துத் தங்கினார். ஒரு பல்லவிதான் வேண்டும். முதல் நாளே இவர் போட்டுக்கொடுத்தார், டைரக்டருக்குப் பிடித்தும்விட்டது. மறுநாள் மாற்றினார். அதுவும் பிடித்தது. மூன்றாம் நாள் மறுபடி மாற்றியபோது டைரக்டர், “எனக்கு முதல் நாள் போட்டதே போதும்” என்றார். இவருக்கு அதற்குள் முதல் நாள் போட்டது மறந்துவிட்டது. இது விளையாட்டில்லை, உண்மையாகவே மறந்துவிட்டது. திருத்தி முடித்த பிறகு பழையது அவர் தலையில் தங்காது. டைரக்டர் மூன்று வாரம் இருந்துவிட்டுப் போனார். “நல்ல பையன், அவசரப்பட்டுட்டான்” என்று இவர் சொன்னபோது நான் நோட்டை மூடிவிட்டேன்.

அவர் ஓய்வு பெற்று, குவார்ட்டர்ஸைக் காலி செய்து, காடாம்புலியூரில் சொந்த வீடு கட்டிக்கொண்டு போனார். நானும் ஓய்வு பெற்றேன். மாதம் ஒரு தடவை பஸ் ஏறிப் போய்ப் பார்த்துவருவேன். அப்போதுதான் அந்தப் பாட்டு திடீரென்று உயிர் பெற்றது.

பழைய பாட்டுகளின் உரிமையை வைத்திருக்கும் சென்னைக் கம்பெனி ஒன்று அந்தப் படத்தின் பாட்டுகளை இணையத்தில் ஏற்றியது. யாரோ ஒரு பெண் மழையில் நனைந்துகொண்டு அந்தச் சரணத்தைப் பாடி வீடியோ போட, பிறகு பார்த்தவர்கள் எல்லோரும் பாடினார்கள். ஆட்டோவில், டீக்கடையில், பேரப் பிள்ளைகளின் போனில் என்று எங்கே போனாலும் அந்தப் பாட்டு. அடியில் இசை என்று அந்த அரேஞ்சரின் பெயர்.

நான் கம்பெனிக்கு எழுதினேன். படம், இடம், எனக்குத் தெரிந்த சூழ்நிலை எல்லாம் எழுதினேன். நான் எதிர்பார்க்கவில்லை, நான்கு நாளில் மரியாதையான பதில் வந்தது. அரேஞ்சரின் குடும்பத்தார் ஆட்சேபிக்கவில்லை. படம் வெளிவருவதற்கு முந்தைய ஒலிப்பதிவோ, பதிவின்போது இருந்த ஒருவரின் சாட்சிக் கடிதமோ வேண்டும். அதோடு இசையமைத்தவர் தன் கைப்படக் கையெழுத்திட்ட ஒரு கடிதம். மாதக் கடைசிக்குள் அனுப்பினால் பெயரைத் திருத்திவிடுகிறோம் என்று இருந்தது.

அந்தப் பதிலை அச்செடுத்துக்கொண்டு காடாம்புலியூர் போனேன். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு முறை படித்தார்.

“இனிஷியல் போடுவாங்களா சார்?”

“போடுவாங்க. ஏன்?”

“எங்கப்பா பேரு வரணும். கான்ட்ராக்ட் வேலைய வுட்டுட்டு ஆர்மோனியப் பொட்டியத் தூக்கிக்கினு போனப்ப, ‘கொல்லையில முந்திரி காவக் காக்கற நாய்க்குக் கூட ஒரு பேரு இருக்குது, நீ போற எடத்துல உனக்கு என்னாடா பேரு இருக்கும்’னு கேட்டாரு. அதுக்கப்புறம் அவரு என்னோட பேசவே இல்ல, செத்துட்டாரு.” கண்ணாடியைக் கழற்றிக்கொண்டே, “பேரு வந்தா நல்லதுதான் சார்” என்றார்.

அவர் எதையாவது வேண்டும் என்று சொல்லி நான் கேட்டது அந்த ஒரு முறைதான். அவர் மனைவி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “அவுங்க கேக்கறதக் குடுத்துடுங்க சார் சீக்கிரம், இவரு திருத்த ஆரம்பிக்கறதுக்குள்ள” என்றார்.

முதலில் ஒலிப்பதிவு. கொட்டகையில் பாடியதை அந்தக் காலத்து டேப் ரெக்கார்டரில் பிடித்து வைத்திருந்தார். ஒரே ஒரு கேசட். அது இருக்கிறது என்று எனக்கு முன்பே தெரியும். அதில் அவர் கையால் பாட்டின் பெயர் எழுதியிருப்பதையும் பார்த்திருக்கிறேன். பீரோவிலிருந்து எடுத்துக்கொடுத்தார். போட்டோம். பல்லவி வந்தது, சரணம் வந்தது. படத்தில் இருக்கிற பாட்டுக்கும் இதற்கும் பெரிய சம்பந்தம் இல்லை. குரலும் அறுபது வயதுக் குரல். வெளியே மொபெட் போகிற சத்தம், நடுவில் அவருடைய பேத்தி “தாத்தா” என்று கூப்பிடுவது.

“மாஸ்டர், இது எப்பப் புடிச்சது?”

“போன தையில. நல்லா வந்திருக்குது, இல்ல?”

“பழசு எங்க?”

“அது மேலதான் சார் புடிச்சேன்.”

“மேலன்னா?”

“ஒவ்வொரு தடவ சரி பண்ணும்போதும் அதுலயே புடிப்பேன்.”

முப்பத்தைந்து வருடமாக ஒரே கேசட்டில், முந்தையதை அழித்து அழித்து, திருத்திய பாட்டைப் பதிந்துகொண்டே வந்திருக்கிறார். புதுசு ஒன்று வாங்கியிருக்கக் கூடாதா என்று கேட்டேன். கொஞ்சம் கத்தித்தான் கேட்டிருக்க வேண்டும். அவர் மனைவி உள்ளேயிருந்து வந்து நின்றார்.

“ரெண்டு கேசட்டு இருந்தா, எது சரின்னு அப்புறம் கேள்வி வரும் சார்” என்றார் அவர் பொறுமையாக.

மிச்சம் இருந்தது சாட்சி. பதிவன்று தபேலா வாசித்தவர் சேத்தியாத்தோப்பில் சவுண்ட் சர்வீஸ் கடை வைத்திருப்பதை விசாரித்துத் தெரிந்துகொண்டேன். மறு புதன்கிழமை பஸ் ஏறினேன். கடை முழுக்கக் குழாய் ஒலிபெருக்கிகள் அடுக்கியிருந்தன. விஷயத்தைச் சொன்னதும் அவர் வாய்விட்டுச் சிரித்தார்.

“உயிரோட இருக்காரா மனுசன்? அந்த வரிய சரி பண்ணிட்டாராமா?”

“இல்ல.”

“பண்ண மாட்டாரு. ஒக்காருங்கண்ணே, சொல்றேன். காலையில ஒம்போதுலேருந்து மத்தியானம் ஒண்ணு வரைக்கும் ஒரு கால்ஷீட். பதினொண்ணுக்கெல்லாம் பாட்டு ரெடி. பாடறவங்க ரெடி, வயலின்காரங்க ரெடி. ஒரு டேக் பாடி முடிச்சி எல்லாரும் கை தட்டியாச்சி. இவரு எந்திரிச்சி, ‘ஒரு நிமிசம்’னாரு. அந்த நிமிசம் முடியவே இல்லண்ணே. ரெண்டாவது வரியப் புடிச்சிக்கினு பாடறாரு, அழிக்கறாரு, பாடறாரு. வயலின்காரங்க தூங்கிட்டாங்க. பன்னெண்டே முக்காலுக்கு மொதலாளி வந்து பாத்தாரு.”

“அப்பத்தான் அரேஞ்சர் இவரை ஓரங்கட்டினாரா?”

தபேலாக்காரர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். “யாரு ஓரங்கட்டினா? அந்தப் பெரியவரு இவரு கையப் புடிச்சிக்கினு கெஞ்சினாரு. ‘தம்பி, பாட்டு நல்லாருக்குது, வுட்டுடு. அடுத்த பாட்டுல சரி பண்ணிக்கலாம்’னாரு. இவரு என்னா சொன்னாரு தெரியுமா? ‘தப்புன்னு தெரிஞ்சப்புறம் எப்பிடிங்க வுடறது’ன்னாரு. சொல்லிட்டு வெளிய போயி மரத்தடியில ஒக்காந்து முணுமுணுத்துக்கினு இருந்தாரு. மொத டேக்கையே வெச்சிக்கினு பாட்ட முடிச்சோம். ஒண்ணே காலுக்கு இவரு உள்ள வந்து, ‘கெடைச்சிடுச்சி’ன்னாரு. எல்லாரும் பொட்டி கட்டிக்கினு இருந்தோம். மத்தப் பாட்டெல்லாம் பெரியவரே போட்டாரு. டைட்டில்ல ஒரு பேருதான போட முடியும்?”

துரோகி யாரும் இல்லை. துரோகியைப் பற்றி நான் எழுதி வைத்திருந்த நான்கு பக்கங்களை அந்தக் கடை வாசலிலேயே குறுக்கே கோடு போட்டு அடித்தேன். ஆனால் வந்த காரியம் ஆனது. தபேலாக்காரர் தன் லெட்டர்பேடில், இந்தப் பாட்டின் மெட்டு இன்னாருடையதே, நான் உடன் இருந்து கண்டவன் என்று எழுதி, முத்திரையும் குத்திக் கொடுத்தார். “பேரு வந்தா எனக்கு ஒரு போன் போடுங்க. நான் நம்ம குழாயில ஊர் முழுக்க அந்தப் பாட்டப் போடறேன்” என்றார்.

இனி அவர் கையெழுத்து மட்டும். மூன்று பத்தியில் கடிதத்தை நானே தட்டச்சு செய்தேன். ‘மேற்கண்ட திரைப்படத்தில் இடம்பெற்ற இந்தப் பாடலின் மெட்டு என்னால் அமைக்கப்பட்டது.’ சுருக்கமாக, வேறு பொருள் கொள்ள இடமில்லாமல் எழுதினேன். வெள்ளிக்கிழமை காலை அவரிடம் கொண்டுபோனேன். அவர் மேசை மேல் வைத்துத் தடவிப் பார்த்தார்.

“இங்க போடுங்க மாஸ்டர்.”

“நிதானமா ஒரு தடவ படிச்சிட்டுப் போடறேன் சார். எங்கப்பா பேரு வர்ற கடுதாசி. நானே தபாலாபீசுல சேத்துடறேன்.”

முப்பது வருடத்தில் ஒரே ஒருவனைக்கூட ரிஜிஸ்டரை வீட்டுக்கு எடுத்துப்போய்க் கையெழுத்துப் போட நான் விட்டதில்லை. அன்று விட்டேன். அவர் கேட்ட விதம் அப்படி இருந்தது. முகவரி எழுதி, தபால் தலை ஒட்டிய உறையையும் சாட்சிக் கடிதத்தையும் வைத்துவிட்டு, அவர் மனைவி கொடுத்த மோரைக் குடித்துவிட்டு வந்தேன். சனிக்கிழமையே ரிஜிஸ்தர் தபாலில் அனுப்பிவிட்டதாகப் போனில் சொன்னார். மாதம் முடிய இன்னும் ஒன்பது நாள் இருந்தது. அன்று மாலை நோட்டில் ஒரு புதுப் பக்கத்தைத் திறந்து, அவர் பெயரை, இனிஷியலோடு, பென்சிலால் எழுதினேன்.

பன்னிரண்டு நாள் கழித்துக் கம்பெனியிலிருந்து பதில் வந்தது. கூடவே அவர் அனுப்பிய கடிதத்தின் நகலையும் இணைத்திருந்தார்கள். என் மூன்று பத்திகளும் அப்படியே இருந்தன. கையெழுத்தும் இருந்தது. இரண்டுக்கும் நடுவில் நான் விட்டிருந்த இடத்தில், நீல மையில், உருண்டையான எழுத்தில் அவர் எழுதியிருந்தார்:

‘ஆனால் படத்தில் வந்திருக்கும் பாட்டு என்னுடையது அல்ல. அதில் சரணத்தின் இரண்டாவது வரி இரண்டு சொல் முன்னதாகவே மேலே ஏறிவிடுகிறது. அப்படி ஒரு பாட்டை நான் போடமாட்டேன். சரியான பாட்டு என்னிடம் இருக்கிறது. எப்போது வேண்டுமானாலும் வந்து கேட்டுக்கொள்ளலாம்.’

கம்பெனியின் பதில் சுருக்கமானது. படத்தில் உள்ள பாடல் தன்னுடையது அல்ல என்று அவரே எழுத்தில் தெரிவித்திருப்பதால், ஏற்கனவே உள்ள பெயரில் மாற்றம் செய்ய இயலாது. இது குறித்த கடிதப் போக்குவரத்தை இத்துடன் முடித்துக்கொள்கிறார்கள்.

எனக்கு அவ்வளவு கோபம் வந்தது வாழ்க்கையில் சில தடவைகள்தான். அச்செடுத்துக்கொண்டு உடனே கிளம்பினேன். பஸ்ஸில் பக்கத்து இருக்கைக்காரரின் போனில் அந்தப் பாட்டே ஓடியது. சரணத்தின் இரண்டாவது வரியில் என் பற்கள் தாமாகக் கடித்துக்கொண்டன. அது இரண்டு சொல் முன்னதாகத்தான் ஏறுகிறது. எனக்கே தெரிய ஆரம்பித்துவிட்டது. அதனால் கோபம் இன்னும் ஏறியது.

அவர் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். கீழே கோணிமேல் அறுத்த பலாப்பழம். அவர் மனைவி கையில் எண்ணெய் தடவிக்கொண்டு சுளை எடுத்துக்கொண்டிருந்தார். நான் உட்காரவில்லை.

“என்ன பண்ணி வச்சிருக்கீங்க மாஸ்டர்? நான் எழுதினதுக்குக் கீழ உங்களை யாரு எழுதச் சொன்னா?”

“உண்மையத்தான எழுதினேன்.”

“உங்க பாட்டு இல்லன்னு நீங்களே கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கீங்க. இனிமே அந்தப் பேர யாராலும் மாத்த முடியாது. நான் போயிக் கேட்டாலும் முடியாது, கோர்ட்டுக்குப் போனாலும் முடியாது. முடிஞ்சிபோச்சு. புரியுதா?”

அவர் மனைவியின் கை சுளைமேல் நின்றது. அவர் என்னைப் பார்த்தார். பிறகு கணவரைப் பார்த்தார். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். திட்டியிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். “மாமனாரு பேரு...” என்று ஆரம்பித்து, பாதியில் நிறுத்தி, குனிந்து மறுபடியும் சுளையை எடுக்க ஆரம்பித்தார்.

“படத்துல இருக்கறதும் நீங்க போட்டதுதானே? ஒரு தடவ, ஒரே ஒரு தடவ, ஆமா என் பாட்டுதான்னு சொல்லிட்டுப் போயிருக்கக் கூடாதா? தப்போட இருக்கட்டுமே. ஊர்ல எல்லாம் தப்போடதானே பாடறாங்க. யாரு கேட்டா சரி பண்ணச் சொல்லி?”

அவர் கையை நீட்டினார். அச்செடுத்த தாளைக் கொடுத்தேன். சட்டைப் பையிலிருந்து கண்ணாடியை எடுத்து, துடைத்து, மாட்டிக்கொண்டு, முதல் வரியிலிருந்து விரலை வைத்துப் படித்தார். ‘அவரே எழுத்தில் தெரிவித்திருப்பதால்’ என்ற இடத்தில் விரல் நின்றது. திரும்ப மேலே போய் மறுபடியும் அந்த இடம் வரைக்கும் வந்தார். நான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். இப்போது உடைந்துபோவார், நான் பேசியது அதிகம் என்று எனக்கே தோன்றப்போகிறது என்று நினைத்தேன்.

அவர் நிமிர்ந்தார். அவரை எனக்குப் பல வருடமாகத் தெரியும். அந்த முகம் அப்படித் தெளிந்து நான் ஒரு நாளும் பார்த்ததில்லை.

“அப்ப, அந்த ரெண்டாவது வரி தப்புதான்னு அவுங்களே ஒத்துக்கினாங்களா சார்?” என்று கேட்டார்.